ஒழுங்கு நடவடிக்கை மேல்முறையீடுகளில் காலதாமதம்: ‘மன்னிப்பு’ என்னும் சொல்லும் ‘ஏற்பு’ என்னும் அதிகாரமும் (தென்காசி, குற்றாலம் வட்டாரப் பணியாளர் நிலையை முன்வைத்து)

ஆய்வுச்சுருக்கம்

ஒழுங்கு நடவடிக்கையில் தண்டனை பெற்ற பணியாளர், விதி குறித்த கெடுவுக்குள் மேல்முறையீடு செய்யத் தவறினால் அத்தாமதத்தை யார், எந்த அதிகாரத்தின்கீழ், எந்த அளவுகோலால் ஏற்கலாம் என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. தென்காசியிலும் குற்றாலத்திலும் அருகருகே பணிபுரியும் மாநில அரசு ஊழியர், ரயில்வே ஊழியர், கோயில் ஊழியர் ஆகிய மூவரின் நிலை ஒப்பிடப்படுகிறது. துறைசார் மேல்முறையீட்டில் தாமதத்தை ஏற்பது அதிகாரியின் கருணை அன்று. காரணங்களைப் பதிவுசெய்து ஆற்றவேண்டிய கடமை என்பது கட்டுரையின் வாதம்.

திறவுச்சொற்கள்: ஒழுங்கு நடவடிக்கை, மேல்முறையீடு, காலவரையறை, போதிய காரணம், சார்பு செய்தல், கோயில் ஊழியர்.

முன்னுரை

தென்காசி வட்டாட்சியர் அலுவலகத்தின் உதவியாளர் ஒருவர், தென்காசி ரயில் சந்திப்பில் தண்டவாளப் பராமரிப்பில் உள்ள ஊழியர் ஒருவர், குற்றாலநாதர் கோயில் ஊழியர் ஒருவர் என மூவரை ஓர் எடுத்துக்காட்டுக்காகக் கற்பனை செய்துகொள்ளலாம். மூவரின் பணியிடங்களும் சில கிலோமீட்டர் தொலைவுக்குள் அடங்குவன. ஒரே நாளில் மூவருக்கும் பணிநீக்க ஆணை கிடைக்கிறது. மூவரும் ஒரே வகை நோயால் படுக்கையில் கிடந்து, தொண்ணூறாம் நாளில் மேல்முறையீட்டு மனுவை அளிக்கின்றனர். மூவரும் கெடுவைத் தாண்டியவர்களே. எனினும் முதலிருவரின் மனுக்களை விசாரணைக்கு எடுத்துக்கொள்ள விதியில் வழி இருக்கிறது. மூன்றாமவருக்கு அவ்வழி ஏறத்தாழ அடைபட்டுள்ளது.

நோயின் கடுமையோ, மருத்துவச் சான்றின் நம்பகத்தன்மையோ, குற்றச்சாட்டின் தன்மையோ இவ்வேறுபாட்டுக்குக் காரணம் அன்று. ஒவ்வொருவரின் மேல்முறையீட்டு உரிமையும் எந்த ஏட்டில் எழுதப்பட்டிருக்கிறது என்பதே காரணம். தாமதம் பற்றிய விவாதங்கள் பெரும்பாலும் ‘எத்தனை நாள்’, ‘என்ன காரணம்’ என்னும் இரு வினாக்களோடு நின்றுவிடுகின்றன. ‘ஏற்கும் அதிகாரம் இந்த அதிகாரிக்கு உண்டா, உண்டெனில் எங்கிருந்து’ என்னும் வினாவே முதலில் எழவேண்டியது.

சொல் ஏற்படுத்தும் மயக்கம்

தமிழ்நாட்டு அலுவலகங்களிலும் நீதிமன்றங்களிலும் இவ்வகை மனு ‘காலதாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு’ என்றே வழங்கப்படுகிறது. மனுவின் நடையும் அதற்கேற்பத் ‘தாழ்மையுடன் வேண்டிக்கொள்கிறேன்’ என்று குழைகிறது. ஆனால் சட்ட வாசகங்களைப் படித்துப் பார்த்தால் மன்னிப்பு என்னும் கருத்தே அவற்றில் இல்லை. 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் பிரிவு 5, போதிய காரணம் இருந்ததென நீதிமன்றம் மனநிறைவு கொண்டால் கெடுவுக்குப் பின்னும் மேல்முறையீட்டை அனுமதிக்கலாம் என்கிறது. மத்திய அரசுப் பணியாளர்க்கான 1965-ஆம் ஆண்டு வகைப்பாடு, கட்டுப்பாடு மற்றும் மேல்முறையீட்டு விதிகளின் 25-ஆம் விதி, போதிய காரணம் இருப்பின் கெடு கடந்த மேல்முறையீட்டையும் எடுத்துக்கொள்ளலாம் என்கிறது. 1985-ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம் பிரிவு 21(3)-உம் அனுமதித்தல் பற்றியே பேசுகிறது. ‘மன்னித்தல்’ என்பது தீர்ப்புகளிலும் வழக்கறிஞர் வழக்கிலும் வளர்ந்து நிலைபெற்ற சொல்.

இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று. மன்னிப்பு என்றால் தவறு ஏற்கெனவே மெய்ப்பிக்கப்பட்டுவிட்டது. மன்னிப்பவருக்கு விருப்பம் இருந்தால் போதும். மறுத்தாலும் காரணம் சொல்லவேண்டியதில்லை. ‘ஏற்பு’ அப்படிப்பட்டதன்று. அங்கே ஒரு காரணம் முன்வைக்கப்படுகிறது. அது போதியதா என்று ஆராயப்படுகிறது. முடிவுக்குக் காரணம் எழுதப்படுகிறது. ‘மேல்முறையீடு காலங்கடந்தது என்பதால் நிராகரிக்கப்படுகிறது’ என்று ஒற்றை வரியில் முடியும் செயல்முறை ஆணைகள் முதற்சொல்லின் மனநிலையில் பிறப்பவை. ராம் சந்தர் எதிர் இந்திய ஒன்றியம் (1986) என்னும் ரயில்வே ஊழியர் வழக்கில், துறைசார் மேல்முறையீட்டு அதிகாரி மனத்தைச் செலுத்திக் காரணங்களோடு ஆணை பிறப்பிக்கவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியது. அக்கடமை தண்டனையின் தகுதிப்பாட்டை ஆராயும்போது மட்டும் பொருந்தும், வாயிற்கதவை அடைக்கும்போது பொருந்தாது என்று கொள்ள ஒரு நியாயமும் இல்லை.

ஒரே ஊர், வெவ்வேறு கெடு

மாநில அரசு ஊழியர்க்குரியது 1955-ஆம் ஆண்டின் தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கும் மேல்முறையீடும்) விதிகள். அலுவலக வழக்கில் ‘17(அ)’, ‘17(ஆ)’ என்று குறிப்பிடப்படும் குற்றச்சாட்டுக் குறிப்பாணைகள் இவ்விதிகளின் கீழ்ப் பிறப்பவை; முன்னது சிறுதண்டனைக்கும் பின்னது பெருந்தண்டனைக்கும் உரிய நடைமுறை. தண்டனை ஆணை தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 2 மாதங்களுக்குள் மேல்முறையீடு செய்யவேண்டும். அதற்குள் செய்யாமல், தாமதத்துக்கு நியாயமான காரணமும் காட்டாவிட்டால் மேல்முறையீட்டை நிறுத்தி வைக்கலாம்.

இவ்விதியில் உற்றுநோக்கத் தக்க ஒரு கூறு உண்டு. மேல்முறையீடு, அலுவலகத் தலைவர் வழியாகவும் தண்டனை ஆணை பிறப்பித்த அதிகாரி வழியாகவும் செல்லவேண்டும். நிறுத்தி வைக்கும் அதிகாரமோ, தண்டனை விதித்த அதிகாரிக்குக் குறையாத நிலையில் உள்ளவருக்கு அளிக்கப்பட்டுள்ளது. அதாவது தண்டனை விதித்தவரே, தம் ஆணையை எதிர்த்து வந்த மனுவின் தாமதக் காரணம் நியாயமானதா என்று முதலில் எடைபோடும் நிலை ஏற்படலாம். மேலதிகாரியின் மேசைக்கு அம்மனு போகாமலே நின்றுவிடக்கூடும். காலனிய ஆட்சிக்கால விதிகளின் எச்சமாகத் தொடரும் இவ்வமைப்பு இயற்கை நீதியோடு எளிதில் பொருந்துவதன்று. ஆகவே நிறுத்தி வைப்பவர் மனுதாரருக்குக் காரணத்தோடு தெரிவிக்கவேண்டும் என்னும் நிபந்தனையை வெறும் சடங்காகக் கருதலாகாது.

ரயில்வே ஊழியர்க்குரியது 1968-ஆம் ஆண்டின் ரயில்வே பணியாளர் (ஒழுங்கும் மேல்முறையீடும்) விதிகள். இங்குக் கெடு 45 நாள். போதிய காரணம் இருந்தால் கெடு கடந்த பின்னும் எடுத்துக்கொள்ளும் அதிகாரம் மேல்முறையீட்டு அதிகாரிக்கே உண்டு. தென்காசி சந்திப்பு தெற்கு ரயில்வேயின் மதுரைக் கோட்டத்தைச் சேர்ந்தது என்பதால், இவ்வூர்த் தண்டவாள ஊழியரின் மனு பெரும்பாலும் மதுரையை நோக்கியே செல்லும். அஞ்சல் துறை உள்ளிட்ட ஏனைய மத்திய அரசுப் பணியாளர்க்கும் 45 நாள்தான்.

கோயில் ஊழியர் அரசுப் பணியாளர் அல்லர். எனினும் அவர் பணியின் மீது சட்டத்தின் கட்டுப்பாடு நேரடியானது. 1959-ஆம் ஆண்டின் தமிழ்நாடு இந்து சமய மற்றும் அறநிலையக் கொடைகள் சட்டம் பிரிவு 56, அபராதம், இடைநீக்கம், பணிநீக்கம் முதலிய தண்டனைகளை விதிக்கும் அதிகாரத்தை அறங்காவலருக்கு வழங்கி, ஆணை பெற்ற ஒரு மாதத்துக்குள் துறையின் இணை அல்லது துணை ஆணையரிடம் மேல்முறையீடு செய்யும் உரிமையைத் தருகிறது. தாமதத்தை ஏற்பது பற்றி அப்பிரிவு எதுவும் கூறவில்லை. அந்த மௌனத்தின் விளைவு பின்னர் விளக்கப்படும்.

அதிகாரத்தின் ஊற்று

காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 5 எல்லா மேல்முறையீட்டுக்கும் பொதுவானது என்னும் எண்ணம் பரவலாக உண்டு. அது சரியன்று. சகுரு எதிர் தனாஜி (1985) வழக்கில், காலவரையறைச் சட்டம் நீதிமன்றங்களுக்கே உரியது, நீதிமன்றம் அல்லாத அமைப்புகள் நீதித்தன்மை வாய்ந்த பணியை ஆற்றினாலும் அச்சட்டம் அவற்றுக்குத் தானாகப் பொருந்தாது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. மாவட்ட ஆட்சியரோ, வருவாய் நிர்வாக ஆணையரோ, கோட்ட ரயில்வே மேலாளரோ மேல்முறையீட்டை விசாரிக்கும்போது நீதிமன்றம் ஆகிவிடுவதில்லை. எனவே மனுவில் ‘பிரிவு 5-இன் கீழ்’ என்று எழுதுவது பழக்கத்தால் நேரும் பிழை. அவர்களுக்கு அந்த அதிகாரத்தைத் தருவது அந்தந்தப் பணிவிதியின் வாசகம் மட்டுமே.

இதிலிருந்து ஒரு கேள்வி எழும். அதிகாரம் வேறிடத்திலிருந்து வருகிறதென்றால், பிரிவு 5-ஐப் பற்றி நீதிமன்றங்கள் வகுத்த அளவுகோல்களை இங்குக் கொண்டுவருவது தகுமா? ‘போதிய காரணம்’ என்னும் தொடர் இரண்டிலும் ஒன்றே. ஆகவே அத்தொடரின் பொருளை அறிய அத்தீர்ப்புகள் உதவும். ஆனால் அவற்றின் கண்டிப்பை அப்படியே இறக்குமதி செய்வதற்கு முன், இரு சூழல்களுக்கும் உள்ள வேறுபாட்டைக் காணவேண்டும்.

கெடு தொடங்கும் நாள்

தாமதம் பற்றிய பல சர்ச்சைகள் உண்மையில் தாமதமே இல்லாத வழக்குகளில் எழுகின்றன. ஆணையில் இட்ட தேதியிலிருந்து நாளெண்ணுவது பிழை. பஞ்சாப் மாநிலம் எதிர் அமர் சிங் ஹரிகா (1966) வழக்கில், பணியறவு ஆணை உரியவருக்குத் தெரிவிக்கப்படும்வரை நடைமுறைக்கு வராது, கோப்பில் கையெழுத்திட்டு வைத்திருந்தால் மட்டும் போதாது என்று தீர்மானிக்கப்பட்டது. தமிழ்நாட்டு அலுவலக வழக்கில் இதனைச் ‘சார்பு செய்தல்’ என்பர். சார்பு செய்த நாளே கெடுவின் முதற்புள்ளி. பதிவஞ்சல் ‘முகவரியில் இல்லை’ என்னும் குறிப்போடு திரும்பி வந்தால் அதையே சார்பு எனக் கொள்ளமுடியாது என்பதை இந்திய ஒன்றியம் எதிர் தீனாநாத் சாந்தாராம் காரேகர் (1998) வழக்கு காட்டுகிறது. அவ்வழக்கு குற்றச்சாட்டுக் குறிப்பாணை பற்றியது என்றாலும், தண்டனை ஆணைக்கும் அதே நியாயம் பொருந்தும்.

மனுவை முடிக்கும் நாளிலும் இதே தெளிவு வேண்டும். மாநில ஊழியர் தம் அலுவலகத்தில் கெடுவுக்குள் மனுவைக் கொடுத்துப் பெறுகை முத்திரையும் வாங்கிவிட்டார். ‘உரிய வழி’யில் அது மூன்று மேசைகளைக் கடந்து மேலதிகாரியை அடைய மூன்று மாதம் ஆயிற்று. இங்கே தாமதித்தது அலுவலகம், மனுதாரர் அல்லர். ஆயினும் மேலலுவலகப் பெறுகைப் பதிவேட்டின் தேதியை வைத்தே நாள்கணக்கு போடப்படுவதும் நிகழக்கூடும். கீழலுவலக முத்திரையிட்ட நகல் ஒன்றே அப்போது அவருக்குத் துணை.

தென்காசிக்கே உரிய ஒரு சிக்கலும் உண்டு. 2019 நவம்பர் 22 அன்று திருநெல்வேலியிலிருந்து பிரிந்து தென்காசி தனி மாவட்டமானது. மாவட்டப் பிரிவினையில் நிலங்களும் வட்டங்களும் பிரிவதோடு கோப்புகளும் தன்பதிவேடுகளும் பணியாளர் மீதான கட்டுப்பாட்டு அதிகாரமும் பிரிகின்றன. பழைய மாவட்டத்தில் தொடங்கிய 17(ஆ) நடவடிக்கை புதிய மாவட்டத்தில் முடியலாம். மனுவை எந்த அலுவலகம் வழியாக அனுப்புவது என்பதில் ஐயம் எழலாம். தவறான அலுவலகத்தில் அது சில மாதங்கள் கிடக்கலாம். இத்தகைய நிலைக்கு எம்.பி. ஸ்டீல் கார்ப்பரேஷன் எதிர் மத்திய கலால் ஆணையர் (2015) வழக்கு வழிகாட்டும். காலவரையறைச் சட்டம் நேரடியாகப் பொருந்தாத தீர்ப்பாயங்களிலும், தவறான மன்றத்தில் நல்லெண்ணத்தோடும் உரிய முயற்சியோடும் கழித்த காலத்தை நீக்கிக் கணக்கிடும் பிரிவு 14-இன் நெறி பொருந்தும் என்று அத்தீர்ப்பு உரைத்தது. பிரிவு 5-க்கும் பிரிவு 14-க்கும் உள்ள வேறுபாடு நுட்பமானது. முன்னது அதிகாரியின் விருப்புரிமையைச் சார்ந்தது. பின்னதன் நிபந்தனைகள் நிறைவேறினால் அக்காலத்தை நீக்கியே ஆகவேண்டும்.

புதிய மாவட்டம் தோன்றி நான்கு மாதம் நிறையுமுன் கொரோனா பெருந்தொற்று வந்தது. தாமாக எடுத்துக்கொண்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் 2022 ஜனவரி 10 அன்று பிறப்பித்த ஆணை, 15.03.2020 முதல் 28.02.2022 வரையிலான காலத்தை நீதித்துறை நடவடிக்கைகளுக்கும் நீதித்தன்மை வாய்ந்த நடவடிக்கைகளுக்கும் உரிய காலவரையறைக் கணக்கிலிருந்து நீக்கியது. அவ்விடைவெளியில் கெடு முடிந்தவர்க்கு 01.03.2022 முதல் 90 நாள் கிடைத்தது. துறைசார் மேல்முறையீடு நீதித்தன்மை வாய்ந்த நடவடிக்கையே. ஆகவே 2020 மார்ச் தொடக்கத்தில் ஆணை பெற்ற தென்காசி ரயில்வே ஊழியர் 2022 மே மாதத்தில் மேல்முறையீடு செய்திருந்தாலும் அவர் தாமதித்தவர் அல்லர். மன்னிக்கவேண்டிய எதுவும் அங்கே இல்லை.

போதிய காரணம்: தீர்ப்புகளின் இரு போக்குகள்

தாமதம் பற்றிய தீர்ப்புகளை ஒருசேரப் படிப்பவர்க்கு அவை ஒன்றோடொன்று முரண்படுவது போலத் தோன்றும். அனந்த்நாக் நிலமெடுப்பு ஆட்சியர் எதிர் கதீஜி (1987) வழக்கில் தாமதம் நான்கே நாள். தாமதித்தவர் அரசு. அம்மேல்முறையீட்டை ஏற்கவேண்டும் எனக் கூறிய உச்ச நீதிமன்றம், தாமதிப்பதால் மனுதாரர் பொதுவாக எதையும் ஈட்டுவதில்லை, தொழில்நுட்பக் குறையும் நீதியும் எதிர்நின்றால் நீதியே முதன்மை பெறவேண்டும் என்றது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற என். பாலகிருஷ்ணன் எதிர் எம். கிருஷ்ணமூர்த்தி (1998) வழக்கில் தாமதம் 883 நாள், அதுவும் ஏற்கப்பட்டது. நாள்களின் எண்ணிக்கை முக்கியமன்று, விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே அளவுகோல் என்பது அத்தீர்ப்பின் மையம். கீழ்நிலையில் ஒருவர் மனநிறைவோடு தாமதத்தை ஏற்றபின் மேல்நிலையில் உள்ளவர் அதில் எளிதில் தலையிடலாகாது என்றும் அது கூறியது.

மறுபுறம், தலைமை அஞ்சல் துறைத் தலைவர் எதிர் லிவிங் மீடியா (2012) வழக்கில், 427 நாள் தாமதத்துக்குக் கோப்பு நகர்ந்த கதையைக் காரணமாகச் சொன்ன அரசுத் துறையின் மனு தள்ளப்பட்டது. பாத்தபாட்டி சுப்பா ரெட்டி (2024) வழக்கில் 5659 நாள் தாமதம் ஏற்கப்படவில்லை. அதே 2024-இல், ஒழுங்கு நடவடிக்கையிலிருந்து எழுந்த மூல் சந்திரா எதிர் இந்திய ஒன்றியம் வழக்கில் 425 நாள் தாமதம் ஏற்கப்பட்டது. நீளத்தை விடுத்துக் காரணத்தையே ஆராயவேண்டும் என்று அங்கும் வலியுறுத்தப்பட்டது.

முரண் மேலோட்டமானது. தாமதத்தின்போது மனுதாரர் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதே இத்தீர்ப்புகளுக்குள் ஓடும் சரடு. இயலாமையால் நின்றவரையும் வாளாவிருந்தவரையும் நீதிமன்றங்கள் வேறுபடுத்துகின்றன. வாளாவிருந்தமைக்குத் தமிழ்நாட்டு எடுத்துக்காட்டுகள் மூன்றைச் சுட்டலாம். பி.எஸ். சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு மாநிலம் (1975) வழக்கில், இளையவர்க்குப் பதவி உயர்வு அளிக்கப்பட்டதை எதிர்த்துப் பதினான்கு ஆண்டுக்குப் பின் வந்தவரிடம், ஆறு மாதத்துக்குள் அல்லது மிஞ்சினால் ஓராண்டுக்குள் வந்திருக்கவேண்டும் என்று கூறப்பட்டது. சி. ஜேக்கப் எதிர் புவியியல் மற்றும் சுரங்கத் துறை இயக்குநர் (2008) வழக்கில், 1982-இல் பணி இழந்தவர் பதினெட்டு ஆண்டு கழித்து அளித்த முறையீட்டுக்குத் துறை விடையளித்தது என்பதற்காக, செத்துப்போன உரிமை உயிர்பெறாது என்று தீர்மானமாயிற்று. சென்னைப் பெருநகர்க் குடிநீர் வாரியம் எதிர் டி.டி. முரளிபாபு (2014) வழக்கு நம் பொருளுக்கு மிக அணித்தானது. பணிக்கு வராமைக்காகப் பணியறவு செய்யப்பட்ட ஊழியர் துறைசார் மேல்முறையீட்டில் தோற்று, நான்காண்டு கழித்து உயர் நீதிமன்றத்தை நாடினார். தண்டனை மிகையானது என்று உயர் நீதிமன்றம் இரங்கியது. அத்தாமதத்தைக் கருதாமல் விட்டது தவறு என்று கூறி உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கியது.

கருணை மனுக்களின் மேல் வைக்கப்படும் நம்பிக்கையும் இங்கே குறிப்பிடத் தக்கது. மேல்முறையீடு தள்ளுபடியானபின் துறைத் தலைவருக்கும் அரசுச் செயலருக்கும் அமைச்சருக்கும் அடுத்தடுத்து மனு அனுப்பிக் காத்திருப்பது ஊழியரிடையே இயல்பு. எஸ்.எஸ். ரத்தோர் எதிர் மத்தியப் பிரதேச மாநிலம் (1989) வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு இதற்கு எல்லை வகுத்தது. விதிப்படியான மேல்முறையீடு தீரும்வரை நீதிமன்றக் கெடு தொடங்காது. விதியில் இடம்பெறாத மனுக்கள் எத்தனை அனுப்பினாலும் அக்கெடு நீளாது. ஆணை அடிப்படையிலேயே செல்லாதது என்று கருதிச் சும்மா இருப்பவர்க்கும் பாதுகாப்பில்லை. செல்லாத பணியறவு ஆணையையும் கெடுவுக்குள் சென்று செல்லாததென அறிவிக்கச் செய்யவேண்டும் என்பது பஞ்சாப் மாநிலம் எதிர் குர்தேவ் சிங் (1991) வழக்கின் முடிவு.

துறைசார் மேல்முறையீட்டின் தனித்தன்மை

மேற்கண்ட கண்டிப்பான தீர்ப்புகளில் பலவும் நீதிமன்றத்தை நாடுவதில் நேர்ந்த தாமதம் பற்றியவை என்பதை மறக்கலாகாது. துறைக்குள் நடக்கும் முதல் மேல்முறையீடு அதனின்று இரு வகையில் வேறுபடுகிறது.

நீதிமன்றங்கள் காலவரையறையில் உறுதி காட்டுவதற்கு முதன்மைக் காரணம் எதிர்த்தரப்பின் உரிமை. கெடு முடிந்ததும் வென்றவர் தம் சொத்தையோ பணத்தையோ இனி அச்சமின்றித் துய்க்கலாம் என்னும் நிலை பிறக்கிறது. தாமதத்தை ஏற்பது அந்நிலையைக் குலைக்கிறது. துறைசார் மேல்முறையீட்டில் எதிர்த்தரப்பு அரசே. ஒருவர்மேல் தவறாக விதித்த தண்டனை நிலைபெறுவதில் அரசுக்கு என்ன உரிமை பிறந்துவிட முடியும்? காலியிடம் நிரப்பப்பட்டிருக்கலாம், சாட்சிகள் ஓய்வுபெற்றிருக்கலாம், இளையவர் முன்னேறியிருக்கலாம் என்னும் மறுப்பு உண்டு. பதினெட்டு ஆண்டுத் தாமதத்தில் அம்மறுப்பு வலுவானதும்கூட. ஆனால் மூன்று மாதத் தாமதத்தில் அதற்குப் பொருளில்லை. விசாரணைக் கோப்பு அலமாரியை விட்டு நகர்ந்திருக்காது.

இரண்டாவது வேறுபாடு இன்னும் ஆழமானது. மேல்முறையீட்டு அதிகாரி, குற்றச்சாட்டின் உண்மைகள் மெய்ப்பிக்கப்பட்டனவா, அவை நடவடிக்கைக்குப் போதுமானவையா, தண்டனை மிகையா அளவானதா குறைவானதா என்னும் மூன்றையும் ஆராயவேண்டும் என்பது விதி. உயர் நீதிமன்றத்துக்கு அந்த விரிவு இல்லை. பி.சி. சதுர்வேதி எதிர் இந்திய ஒன்றியம் (1995) வழக்கின்படி, நீதிப் புனராய்வு மேல்முறையீடு அன்று; சான்றுகளை மீண்டும் எடைபோடுதல் நீதிமன்றத்தின் வேலையன்று; தண்டனை மனச்சான்றை அதிரவைக்கும் அளவுக்கு இருந்தாலொழியத் தலையிடுவதில்லை. ஆகவே துறைசார் மேல்முறையீடு தாமதத்தால் கைநழுவினால், ‘மூன்று ஆண்டு ஊதிய உயர்வு நிறுத்தம் போதுமே, பணிநீக்கம் எதற்கு’ என்று கேட்பதற்குரிய ஒரே இடம் மூடப்படுகிறது. எஞ்சுவது மதுரைக்குச் செல்லும் வழி. 2004 ஜூலை 24 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தொடங்கியபின் தென்காசி ஊழியருக்குத் தொலைவு பெரிதும் குறைந்தது உண்மைதான். அதற்கு முன் 1988 இறுதியில் தொடங்கி 2006-இல் கலைக்கப்பட்ட மாநில நிர்வாகத் தீர்ப்பாயத்தை நாட அவர் 600 கிலோமீட்டருக்கு மேல் பயணம் செய்து சென்னைக்குச் செல்லவேண்டியிருந்தது. தொலைவு குறைந்தாலும் நீதிமன்றத்தின் ஆய்வெல்லை விரியவில்லை.

இக்காரணங்களால், துறைசார் மேல்முறையீட்டில் போதிய காரணம் என்பதைச் சற்றுத் தாராளமாகவே படிக்கவேண்டும். தாராளம் வேண்டாதவிடத்து நிவாரணத்தை வடிவமைக்கும் வழியும் இருக்கிறது. அஜாய்ப் சிங் எதிர் சிர்ஹிந்த் கூட்டுறவுச் சங்கம் (1999) என்னும் தொழிலாளர் வழக்கில் சுமார் ஏழாண்டுத் தாமதம் கோரிக்கையை முற்றாக அழித்துவிடாது, தாமதத்தை ஊதிய நிலுவையைக் குறைப்பதில் கணக்கிலெடுக்கலாம் என்னும் நிலைப்பாடு காணப்படுகிறது. தர்செம் சிங் (2008) வழக்கில் ஓய்வூதியம் போன்ற தொடர்ச்சியான இழப்புகளுக்கு உரிமையை ஏற்று, நிலுவையை மூன்றாண்டு அளவில் நிறுத்தும் முறை கூறப்பட்டது. மேல்முறையீட்டு அதிகாரியும் தாமதத்தை ஏற்று, தாமத நாள்களுக்குரிய ஊதியத்தை மட்டும் மறுக்கலாம். அப்படிச் செய்தால் ஊழியரின் கவனக்குறைவுக்கு ஒரு விலை இருக்கும். ஆனால் அவ்விலை அவருடைய வாழ்நாள் ஓய்வூதியமாக இராது.

மனுதாரர் பக்கத்திலும் சீர்மை வேண்டும். ‘உடல்நலக் குறைவு காரணமாக’ என்னும் ஒற்றைத் தொடர் காரணம் ஆகாது. எந்த நாளில் ஆணை கிடைத்தது, கெடு என்று முடிந்தது, எந்த நாள்முதல் எந்த நாள்வரை நோய், அதன்பின் எழுந்த தாமதம் எத்தனை நாள், ஆவண நகல் கேட்டது எப்போது, கிடைத்தது எப்போது என்னும் விவரங்கள் தேதியோடு வரவேண்டும். ஒவ்வொரு நாளுக்கும் கணக்குச் சொல்லவேண்டும் என்னும் பழைய நெறியைக் கதீஜி தீர்ப்பு தளர்த்தியது. கணக்கே வேண்டாம் என்று அது சொல்லவில்லை.

கோயில் ஊழியரின் நிலை

இனி, தொடக்கத்தில் விட்டுவைத்த மூன்றாமவரிடம் வரலாம். கணேசன் எதிர் தமிழ்நாடு இந்து சமய அறநிலையத் துறை ஆணையர் வழக்கில் 2019 மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு அவர் தலைவிதியைப் பெரிதும் தீர்மானிக்கிறது. அறநிலையச் சட்டம் பிரிவு 69-இன் கீழ் மேல்முறையீட்டை விசாரிக்கும் ஆணையர் நீதிமன்றம் அல்லர். ஆகவே காலவரையறைச் சட்டம் பிரிவு 5 அவருக்குப் பொருந்தாது. அச்சட்டத்தில் வேறு வழியும் இல்லாததால் தாமதத்தை ஏற்கும் அதிகாரம் அவருக்கு இல்லை என்பது அத்தீர்ப்பு. அங்கே எழுந்தது ஒழுங்கு நடவடிக்கை அன்று. ஆனால் அதே தர்க்கம் பிரிவு 56-க்கும் நீளும். அப்பிரிவும் ஒரு மாதக் கெடுவைச் சொல்லி, ஏற்பு அதிகாரத்தைச் சொல்லாமல் விடுகிறது. விசாரிப்பவரும் நீதிமன்றம் அல்லாத அதே துறையின் அதிகாரியே.

விளைவு கடுமையானது. குற்றாலத்தில் சாரல் காலத்தில் மருத்துவமனையில் கிடந்து, முப்பத்தைந்தாம் நாளில் மனுவோடு வரும் கோயில் ஊழியரிடம், ‘உம் காரணம் முற்றிலும் நியாயமானது, ஆனால் ஏற்க எனக்கு அதிகாரம் இல்லை’ என்று இணை ஆணையர் கூறவேண்டியிருக்கும். மூவரில் மிகக் குறுகிய கெடுவும் இவருக்கே. தளர்வு இல்லாததும் இவருக்கே. பெரும்பாலும் குறைந்த ஊதியம் பெறுபவரும் இவரே. சட்டமியற்றியோர் இவ்வேறுபாட்டை எண்ணித் துணிந்து வகுத்ததாகத் தோன்றவில்லை. தனித்தனிக் காலங்களில் தனித்தனிக் கைகள் எழுதியதால் நேர்ந்த இடைவெளியாகவே தோன்றுகிறது.

அவருக்கு எஞ்சும் வழிகள் சில. ஆணை உண்மையில் என்று சார்பு செய்யப்பட்டது என்பதை மெய்ப்பித்துக் கெடுவின் தொடக்கத்தையே நகர்த்துதல் முதலாவது. பிரிவு 56 ஆணையைப் பெற்ற நாளிலிருந்தே கெடுவைக் கணக்கிடுவதால் இவ்வழி வலுவானது. தவறான அதிகாரியிடம் முன்னரே மனு அளித்திருந்தால் பிரிவு 14-இன் நெறியை நாடுதல் இரண்டாவது. அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடுதல் மூன்றாவது. அங்கே நிலையான கெடு இல்லை, ஆனால் தண்டனை மிகையா என்னும் கேள்விக்கு முன்னர்ச் சொன்ன குறுகிய எல்லையே உண்டு. மத்திய அரசு விதிகளில் 25-ஆம் விதிக்கு இணைந்த காப்புரை போன்ற ஒன்றைப் பிரிவு 56-இன் இரண்டாம் உட்பிரிவில் சேர்ப்பதற்கு மாநிலச் சட்டப்பேரவைக்கு அதிகாரம் உண்டு. அத்தகைய திருத்தம் வரும்வரை, குற்றாலநாதர் கோயில் ஊழியரும் தென்காசி காசி விசுவநாதர் கோயில் ஊழியரும் ஆணை வந்த உறையின் அஞ்சல் முத்திரையைப் பத்திரப்படுத்தி, முப்பது நாளை அன்றே எண்ணத் தொடங்கவேண்டியிருக்கிறது.